செருப்பா, வெறுங்காலா

இந்நேரம் நீ செர்பியாவுல, பேரு வாயில நுழையாத ஒரு ஊர்ல, ரெண்டு காதையும் பொத்திக்கினு செஸ் பலகையப் பாத்துக்கினு உக்காந்திருக்கே. நான் திண்டிவனத்துல, பஸ் ஸ்டாண்டு எதிர்ல நம்ம ஜெராக்ஸ் கடையில, சிவப்பு பிளாஸ்டிக் சேர்ல உக்காந்துக்கினு போன்ல உன் ஆட்டத்தப் பாத்துக்கினு இருக்கேன். பாக்க மாட்டேன்னு உனக்கு வாக்கு குடுத்தவதான். லைவ்ல பாக்காதம்மா, முடிஞ்சதும் நானே போன் பண்றேன்னு கெளம்பும்போது படிச்சுப் படிச்சு சொன்னே, நானும் சரி சரின்னு தலைய ஆட்டினேன். இங்க கை சும்மா இருந்தா போனத்தான் எடுக்குது. அதான் கைக்கு ஒரு வேலை குடுக்கலாம்னு, பாழாப்போன ஜெராக்ஸ் தாளத் திருப்பிப் போட்டு எழுத ஒக்காந்துட்டேன். முன்பக்கத்துல யாரோட ஆதார் கார்டோ கோணலா விழுந்திருக்கும், அதக் கண்டுக்காத.

காலையில பத்திர ஆபீஸ்லேர்ந்து வர்ற அந்தம்மா, உன் பையன் ஏதோ பெரிய பரீட்சை எழுதறானாமேன்னு கேட்டாங்க. பரீட்சைன்னு ஊரெல்லாம் சொல்லி வச்சது நான்தான். செஸ் ஆடறான்னா, அது சரி, வேலைக்கு இன்னா பண்றான்னு அடுத்த கேள்வி வரும், அதுக்குப் பயந்துக்கினு. இன்னிக்கு இன்னா தோணுச்சோ, அவங்கள நிக்க வச்சு வெவரமா சொன்னேன். கிராண்ட்மாஸ்டர் பட்டம் வேணும்னா ரேட்டிங்னு ஒண்ணு ஒரு அளவுக்கு ஏறணும், அது ஏறிடுச்சு. அதுக்கு மேல மூணு போட்டியில பெரிய பெரிய ஆளுங்களோட ஆடி, நானும் உங்க சமம்தான்னு காட்டணும். அதுக்கு நார்ம்னு பேரு. ரெண்டு வாங்கிட்டான், மூணாவது மட்டும் வருஷக்கணக்கா கைக்கு வந்து வந்து நழுவுது. இன்னிக்குக் கடைசி ஆட்டம், தோக்காம இருந்தா போதும், டிரா ஆனாக்கூட வந்துடும்னேன். வரலன்னான்னு கேட்டாங்க. வரலன்னா இதோட நிறுத்திடறேன்னு சொல்லிட்டுப் போயிருக்கான், விளையாட்டுக் கோட்டாவுல அரசாங்க வேலை ஒண்ணு வந்திருக்கு, இங்கயே விழுப்புரத்துல, அதுல சேந்துடுவான்னேன். அதுவும் நல்லதுதானேன்னு சொல்லிட்டு, ரெண்டு பக்கமும் ஜெராக்ஸ் எடுத்துக்கினு போய்ட்டாங்க. அவங்க சொன்னதுல தப்பு ஒண்ணும் இல்ல. ஆனா அந்த வார்த்தை அப்பலேர்ந்து உள்ள உறுத்திக்கினே இருக்கு.

ஆட்டம் ஆரம்பிச்சதிலேர்ந்து இந்தச் சேர விட்டு நான் எழுந்திருக்கல. நம்ம வீட்டுச் சட்டம் உனக்குத் தெரியுமே, பலகையில நெலம நல்லா இருக்கறப்ப யார் எங்க இருக்காங்களோ அங்கயே இருக்கணும். ஒரு தடவ உங்கப்பா இதனாலயே குளிக்கப் போன எடத்துலேர்ந்து வெளிய வராம நின்னாரு, தண்ணியும் ஊத்திக்காம. இன்னிக்கு வர்றவங்கள எல்லாம் நீங்களே தாள வச்சு பட்டன அமுக்கிக்கோங்கன்னு சொல்லிட்டேன். ஒருத்தர் என் காலப் பாத்து, முட்டி வலியாம்மான்னு கேட்டாரு. ஆமாங்கன்னேன். நடுவுல கரண்டு வேற போச்சு, கடைக்குள்ள வேக்காடு தாங்கல. ஃபேன் நின்னாலும் பரவால்ல, போன்ல சார்ஜ் இருக்கணும்னு மட்டும் வேண்டிக்கினு இருந்தேன்.

செஸ் உனக்கு நான் கத்துக் குடுத்ததும் இல்ல, எனக்கு அது ஒழுங்கா வந்ததும் இல்ல. உங்கப்பா பஸ் டிரைவரு, டிப்போவுல டிரைவருங்க ஓய்வெடுக்கற ரூம்புல ஒரு பலகை கெடந்துச்சு. மந்திரி ஒண்ணு தொலஞ்சுபோயி அதுக்குப் பதிலா சோடா மூடிய வச்சு ஆடுவாங்க. லீவு நாள்ல உன்ன அங்க கூட்டிக்கினு போயி உக்கார வச்சாரு. கொஞ்ச நாள்லயே அங்க இருக்கற பெரிய மனுசங்கள எல்லாம் நீ சோடா மூடியாலயே தோக்கடிச்சே. தோத்தவங்க உனக்கு ஒரு பொட்டலம் வறுத்த மல்லாட்டை வாங்கிக் குடுக்கணும்னு பேச்சு. மல்லாட்டைக்காகத்தான் நீ ஆட ஆரம்பிச்சேன்னு நான் இன்னும் நெனச்சுக்கினு இருக்கேன்.

அப்புறம் விழுப்புரம். அந்தப் பள்ளிக்கூட ஹால்ல நடந்த உன் மொத போட்டி. ஜமுக்காளம் விரிச்சிருக்காங்கன்னு செருப்ப வாசல்லயே விட்டுடச் சொன்னாங்க. பெத்தவங்க உள்ள வரக் கூடாது. ஜன்னல்ல எட்டிப் பாத்தாலும் ஒரு வாத்தியார் வந்து தொரத்துவாரு. வெளிய வேப்பமரத்தடியில நாங்க அம்மாக்காரிங்க எல்லாம் டிபன் டப்பாவ மடியில வச்சுக்கினு வாசலயே பாத்துக்கினு கெடப்போம். வர்ற புள்ளைகிட்ட ஜெயிச்சியான்னு கேக்கக் கூடாதுன்னு எங்களுக்குள்ள பேசாமலே ஒரு கட்டுப்பாடு. உன் கோச்சு வேற, ஜெயிச்சாலும் தோத்தாலும் ஒரே மூஞ்சியோட வெளிய வரணும்னு உனக்குப் பழக்கி விட்டுட்டாரு. மூஞ்சியப் பாத்து ஒண்ணும் கண்டுபிடிக்க முடியாது. நான் கண்டுபிடிச்சது உன் காலப் பாத்து. ஜெயிச்சா, அவ்வளவு செருப்புக்கு நடுவுல உன்னோடத நிதானமா தேடி, வாரப் போட்டுக்கினு வருவே. தோத்துட்டா வெறுங்கால்ல சுடுமண்ணுல நேரா என்கிட்ட வந்து நின்னுடுவே, செருப்ப நான்தான் போயி எடுத்துக்கினு வரணும். இத உங்கப்பாகிட்ட சொன்னேன். அன்னியிலேர்ந்து அவரு பஸ் ஸ்டாண்டுலேர்ந்து போன் பண்ணா, ஜெயிச்சானான்னு கேக்கறதே இல்ல. செருப்பா, வெறுங்காலான்னுதான் கேப்பாரு. நீ பெரியவனாயி ஷூ போட்டுக்கினு ஏரோப்பிளேன்ல போற இந்தக் காலத்துலயும் அதேதான்.

அந்த வேப்பமரத்தடியில எனக்குப் பக்கத்துல எலுமிச்சஞ்சோறு கொண்டாற ஒருத்தி உக்காருவா, ஞாபகம் இருக்கா? அவ பையன நீ ஒரு தடவ தோக்கடிச்சே. அவன் அழுதுக்கினு வந்தான், நீ செருப்பு போட்டுக்கினு வந்தே, அவ ரெண்டு பேருக்கும் சேத்தே சோறு போட்டா. அந்தப் பையன் மீசை மொளைக்கறதுக்கு முன்னாலயே கிராண்ட்மாஸ்டர் ஆயிட்டான். மாலை போட்டாங்க, பேப்பர்ல போட்டோ வந்துச்சு, அவ எனக்குப் போன் பண்ணி அழுதா. நானும் அழுதேன், சந்தோஷம்டின்னேன். போன வச்சுட்டு அன்னிக்கு ராத்திரி சோறு எறங்கல எனக்கு. பொறாமையான்னா ஆமாம், பொறாமைதான். நம்ம மாநிலத்துல கிராண்ட்மாஸ்டருங்க மழைக்காளான் மாதிரி மொளைக்கறாங்க, என் புள்ள மட்டும் இன்னும் மண்ணுக்குள்ளயே இருக்கானேன்னு. இப்ப நீ உக்காந்திருக்கற ஹால்ல உனக்கு எதுத்தாப்புல உக்கார்ற பாதி பேரு உன்னவிட பத்து வயசு சின்னவங்க. அத நெனச்சு நீ கூசறேன்னு எனக்குத் தெரியும், வீடியோ கால்ல ஹாலக் காட்டுடான்னா காட்ட மாட்டேங்கறே. கூசாதடா. டிப்போவுல உங்கப்பாவுக்குக் கீழ கத்துக்கினவங்க எல்லாம் செக்கரா ஆயி அவரு வண்டியிலயே ஏறி டிக்கெட்டப் பாக்கறாங்க. அவரு இன்னும் ஸ்டேரிங்கப் பிடிச்சுக்கினுதான் இருக்காரு. வண்டி ஓட்டறது பிடிக்குதுங்கறாரு.

உன்னப் பத்தி எனக்குக் கோவம் வந்ததெல்லாம் வேற எடத்துல. ஒரு தடவ போதுமான புள்ளி எடுத்துட்டே, பட்டம் வந்துடுச்சுன்னு உங்கப்பா டிப்போ முழுக்க லட்டு குடுத்துட்டாரு. அப்புறம் பாத்தா, நீ ஆடின ஆளுங்கள்ல வெளிநாட்டுக்காரங்க எண்ணிக்கை கம்மியாம், ஒருத்தன் வயித்துவலின்னு பாதியில ஊருக்குப் போய்ட்டானாம், அதனால செல்லாதாம். எவனோ ஒருத்தன் வயித்துவலிக்கு உன் ஒரு வருஷம் போச்சு. நீ அன்னிக்கு சிரிச்சுக்கினே சொன்னே பாரு, அதுக்குத்தான் எனக்குக் கோவம். அப்புறம் பெரிய ஆட்டக்காரன் ஒருத்தனுக்கு உதவியாளா போயி, மறுநாள் அவன் ஆடவேண்டிய ஆட்டத்த நீ ராத்திரியெல்லாம் முழிச்சு யோசிச்சுக் குடுத்தே. அவன் ஜெயிச்சப்ப உன் பேரு எங்கயும் வரல. சின்னப் புள்ளைங்களுக்கு லாப்டாப்ல பாடம் எடுத்துட்டு, அந்தக் காசுல அடுத்த டிக்கெட்டு. ஏர்போர்ட்டு தரையில பைய தலைக்கு வச்சுக்கினு தூங்கினத நீ சொல்லல, உன்கூடப் போன பையன் போட்ட போட்டோவுல பாத்தேன். பட்டம் வந்தாலும் இது மாறாதுன்னு எனக்குத் தெரியாம இல்ல. உச்சாணியில இருக்கற நாலு பேர விட்டுட்டா, மத்த கிராண்ட்மாஸ்டருங்க பொழப்பெல்லாம் பைய தூக்கிக்கினு ஊர் ஊரா ஓடறதுதான். அப்புறம் எதுக்குடா இந்தப் பட்டம்னு உன்னக் கேக்க நெனச்சு நெனச்சு, சாப்டியான்னு கேட்டு போன வச்சுடுவேன்.

கெளம்பற அன்னிக்கு இதே பஸ் ஸ்டாண்டுல, பஸ்சு படியில ஒரு கால வச்சுக்கினு, "இதான் கடைசிம்மா. வரலன்னா நிறுத்திடறேன்"னு சொன்னே. சொல்லிட்டு ஏறி உக்காந்துட்டே. வண்டி போய்டுச்சு. அப்படிச் சொல்ற விஷயமாடா அது? நின்னு பேசற விஷயமில்லையா? அன்னியிலேர்ந்து இங்க ஒருத்தருக்கும் ஒழுங்கா தூக்கம் இல்ல. உங்கப்பா, பையன் நிறுத்தக் கூடாது, அவனுக்கு அப்படி இன்னா வயசாயிடுச்சுன்னு ஒரு நாள் முழுக்கக் கத்தினாரு. எனக்கு எது வேணும்னு எனக்கே தெரியல.

இங்க எழுதறத நிறுத்திட்டேன். ரொம்ப நேரம் கழிச்சு இப்பதான் திரும்ப எடுக்கறேன். நடந்தத நடந்தபடி எழுதறேன், கிழிக்காம குடுக்கறேன், நீயும் கிழிக்காம படி.

நான் எழுதிக்கினு இருந்தப்ப உன் பலகையில அதிகமா காயே இல்ல. உன்னோடது வெள்ளை. உனக்கு ஒரு யானை, அவனுக்கு ஒரு யானை, நாலஞ்சு சிப்பாய்ங்க. பக்கத்துல, யார் கை ஓங்கியிருக்குன்னு காட்டற அந்தக் கம்ப்யூட்டர் பட்டை பாதி வெள்ளை பாதி கருப்பா, தராசு முள்ளு மாதிரி ஆடாம நின்னுச்சு. டிரான்னு எனக்கே புரிஞ்சுச்சு. உன் ராஜா யானைக்குப் பக்கத்துலயே காவலா நின்னுக்கினு இருந்தாரு. திடீர்னு அவரு யானைய விட்டுட்டுக் குறுக்கால ஒரு கட்டம் நகந்து, பலகை நடுவுல போயி நின்னாரு. கண்ண மூடித் தொறக்கறதுக்குள்ள பட்டை முழுக்கக் கருப்பாயிடுச்சு. யானைய அவன் சும்மா எடுத்துக்கலாம். அதுக்கு மேல பலகை அசையவே இல்ல, நீ தோல்விய ஒத்துக்கினு கை குடுத்துட்டேன்னு நெனச்சேன்.

இப்ப சொல்றத எப்படிச் சொல்றதுன்னு தெரியல. அந்தக் கருப்புப் பட்டையப் பாத்ததும் எனக்கு மொதல்ல வந்தது அழுகை இல்ல. அப்பாடான்னு இருந்துச்சு. புள்ள வந்துடுவான், விழுப்புரத்துல வேலைக்குப் போவான், சாயங்காலம் வீட்டுக்கு வருவான், இனிமே எந்த வாசலையும் பாத்துக்கினு உக்கார வேணாம்னு மனசு ஒரு நிமிசம் கால நீட்டிப் படுத்துக்கிச்சு. அடுத்த நிமிசமே, பெத்தவளா நீன்னு என்ன நானே காறித் துப்பிக்கினேன். நீ அங்க ஒடஞ்சுபோயி நிப்பே, இங்க எனக்கு நிம்மதியா? அதுக்கப்புறம்தான் அழுகை வந்துச்சு. ஜெராக்ஸுக்கு வந்த ஒருத்தர் என்னப் பாத்துட்டு, அப்புறமா வர்றேங்கன்னு போய்ட்டாரு.

அந்த நேரம் பாத்து விழுப்புரம் பஸ் ஸ்டாண்டுலேர்ந்து உங்கப்பா போன். வண்டி எடுக்கப் போறேன், இன்னா, செருப்பா வெறுங்காலான்னு கேட்டாரு. சொல்லியிருக்கக் கூடாது. வண்டி ஓட்டறவன்கிட்ட நல்லதும் சொல்லாத, கெட்டதும் சொல்லாதன்னு அவரே போட்ட சட்டம். வாய் சும்மா இல்லாம, வெறுங்கால்னுட்டேன். அந்தப் பக்கம் கண்டக்டர் விசில் சத்தம் கேட்டுச்சு. சரி, வச்சிடுன்னு சொல்லிட்டு வச்சுட்டாரு.

வண்டி கெளம்பின கொஞ்ச நேரத்துல நீ கூப்பிட்டே. என் குரலக் கேட்டதுமே, "ஏம்மா அழுவறே, வந்துடுச்சும்மா"ன்னே. இன்னாடா வந்துடுச்சுன்னேன். நார்ம்மா, டிரா ஆயிடுச்சு, நடுவர்கிட்ட கையெழுத்து வாங்கிக்கினு வர லேட்டாயிடுச்சுன்னே. நான் உன்னையே திட்டினேன். பொய் சொல்லாத, ராஜாவ நடுவுல நிறுத்தி யானையக் குடுத்தத என் ரெண்டு கண்ணால பாத்தேன்னேன். நீ சிரிச்சே பாரு, அப்படி நீ சிரிச்சு எவ்வளவு நாளாச்சு. ஆட்டம் முடிஞ்சதும் முடிவு இன்னான்னு கம்ப்யூட்டர் பலகைக்குத் தெரியறதுக்காக ரெண்டு ராஜாவையும் நடுவுல வைக்கணுமாம். வெள்ளை ஜெயிச்சா ரெண்டையும் வெள்ளைக் கட்டத்துல, கருப்பு ஜெயிச்சா ரெண்டையும் கருப்புல, டிரான்னா ஒண்ணு வெள்ளையில ஒண்ணு கருப்புலயாம். அந்தக் கம்ப்யூட்டரு முட்டாப்பய அத நீ ஆடின ஆட்டம்னு நெனச்சுக்கினு இருக்கான், நானும் அப்படியே நெனச்சுட்டேன். இவ்வளவு வருஷமா வாசல்லயே உக்காந்திருந்தவளுக்கு உள்ள ராஜாவ எங்க வைக்கறாங்கன்னு எப்படிடா தெரியும்? லைவ்ல பாக்காதன்னு நீ சொன்னது இதுக்குத்தான்னு இப்ப சொல்லு, ஒத்துக்கறேன்.

நீ போன வச்சப்புறம்தான் எனக்கு ஒறைச்சுது. அங்க ஒரு மனுசன் பஸ் நெறைய ஜனத்த ஏத்திக்கினு, புள்ள தோத்துட்டான்னு நெனச்சுக்கினே ஹைவேயில வந்துக்கினு இருக்காரு. ஸ்டேரிங்கத் தொட்டா அவரு போன ஆஃப் பண்ணி சாப்பாட்டுப் பைக்குள்ள போட்டுடுவாரு. கண்டக்டருக்குப் போடலாம்னு நம்பர எடுத்தேன், பயமா இருந்துச்சு. திடுக்குனு சொல்லப்போயி விக்கிரவாண்டி டோல்கேட்டு லாரிங்களுக்கு நடுவுல கை நடுங்கினா இன்னா ஆவறது? வண்டி வந்து நிக்கற வரைக்கும் யாரும் ஒண்ணும் சொல்ல முடியாது. கடைக்குள்ள நடந்தேன், வெளிய வந்தேன், திரும்ப உள்ள போனேன். நீ ஆடினப்ப உக்காந்த எடத்த விட்டு அசையாதவ, எல்லாம் முடிஞ்சப்புறம் ஒரு எடத்துல நிக்க முடியல. வளவனூர்க்காரர் ஒருத்தர் கல்யாணப் பத்திரிகை ஜெராக்ஸ் வேணும்னாரு, காசு வேணாம் எடுத்துக்கோங்கன்னுட்டேன். கடைசியில ஷட்டரப் பாதி எறக்கி விட்டுட்டு ரோட்டத் தாண்டி ஓடிட்டேன்.

வண்டி உள்ள திரும்புச்சு. இவ்வளவு வருஷம் உன் காலப் பாத்து முடிவக் கண்டுபிடிச்சவ நான், இன்னிக்கு என் காலப் பாத்து ஒருத்தரு கண்டுபிடிச்சாரு. கண்ணாடிக்குப் பின்னால உங்கப்பா கண்ணு மொதல்ல என் காலத்தான் பாத்துச்சு. அப்பதான் நானும் குனிஞ்சு பாத்தேன். வெறுங்காலு. செருப்பு கடையில சேருக்கு அடியிலயே கெடக்கு. அவரு மூஞ்சி தொங்கிப்போச்சு. எனக்கு ஒண்ணும் புரியாம, டிரைவர் ஜன்னலப் பாத்து ரெண்டு கையையும் தூக்கி, "செருப்புங்க, செருப்பு"ன்னு கத்திட்டேன். பஸ் ஸ்டாண்டே திரும்பிப் பாத்துச்சு. பொண்டாட்டி நடுரோட்டுல புருஷனச் செருப்பால அடிக்க வந்துட்டான்னுதான் நெனச்சிருப்பாங்க. அவருக்கு மட்டும் புரிஞ்சுது. இன்ஜின அணைச்சுட்டு ஸ்டேரிங் மேல தலைய வச்சுக்கினாரு. ஜனமெல்லாம் எறங்கிப் போற வரைக்கும் தூக்கவே இல்ல.

அப்புறம் டீக்கடையில உக்காந்தப்ப அவருகிட்ட எல்லாத்தையும் சொன்னேன், எனக்கு நிம்மதியா இருந்ததையும் சேத்து. திட்டுவாருன்னு நெனச்சேன். அவரு டீயையே பாத்துக்கினு இருந்துட்டு, "நானும் விக்கிரவாண்டி வரைக்கும், பையன் வீட்டுக்கு வந்துடுவான்னு சந்தோஷமாத்தான்டி ஓட்டினேன்"னாரு. நிறுத்தக் கூடாதுன்னு கத்தின அதே மனுசன். அப்புறம் அவருக்கு அடுத்த ட்ரிப் நேரமாயிடுச்சு.

அதனால சொல்றேன், இதுல எங்கள நம்பாத. நாங்க உன்ன ஆடுடான்னு சொன்னதும் நெசம், வந்துடுடான்னு ஏங்கினதும் நெசம், ரெண்டையும் வச்சுக்கினு நீ ஒரு முடிவுக்கு வர முடியாது. ஆடணும்னு தோணற வரைக்கும் ஆடு, தோணலன்னா வேலையில சேரு. கிராண்ட்மாஸ்டருங்க வேலைக்குப் போகக் கூடாதுன்னு சட்டம் ஒண்ணும் இல்ல. ஆனா கடைசின்னு ஒரு வார்த்தைய பஸ்சு படியில நின்னுக்கினு சொல்லிட்டு இனிமே போகாத, உக்காந்து பேசிட்டுப் போ. டிக்கெட்டு எப்பன்னு சொல்லு. உங்கப்பா அன்னிக்கு டூட்டிய மாத்திக்கறேன்னு சொல்லிட்டாரு, அவரு வண்டியிலயேதான் நீ வரணுமாம். டிப்போவுல திரும்பவும் லட்டு குடுக்கணுமாம், நீ வந்து நிக்கற வரைக்கும் குடுக்க மாட்டாராம். நான் கடையத் தொறந்து, அந்தச் சேர்லயே உக்காந்து இதக் கடைசி வரைக்கும் எழுதிட்டேன். செருப்ப இன்னும் போட்டுக்கல. நீ வந்து எடுத்துக் குடு.